பிள்ளைக்குத் தெரியாது என்பது பொய்

பதிவு கொஞ்சம் நீளம். டீச்சர் எழுதினால் நீளமாகத்தான் இருக்கும் என்று உங்களுக்குத் தெரியும். டீ போட்டு எடுத்துக்கொண்டு உட்காருங்கள்.

போன வாரம் நம் குடும்ப வாட்ஸ்அப் குழுவில் ஒரு செய்திப் படம் வந்தது. பையில் கஞ்சா வைத்திருந்ததாக ஒரு பெண்ணைப் பிடித்திருக்கிறார்கள். முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டு நிற்கிறாள். பக்கத்தில் நயன்தாரா படத்தை ஒட்டி, 'நம்ம ஏரியா கோலமாவு கோகிலா' என்று யாரோ எழுதியிருந்தார்கள். கீழே வரிசையாகச் சிரிப்புப் பொம்மைகள். எண்ணிப் பார்த்தேன், பதினேழு பேர். அதில் என் மடியில் உட்கார்ந்து 'அ' எழுதப் பழகியவர்களும் உண்டு.

அந்தப் பெண் யார், எந்த ஊர் என்று எழுதப்போவதில்லை. யாருக்காவது தெரிந்திருந்தாலும் கமெண்டில் எழுதாதீர்கள். பள்ளிக்கூடம் போகிற இரண்டு பிள்ளைகள் அவளுக்கு உண்டு. குற்றம் செய்தாளா இல்லையா என்பதைக் கோர்ட் சொல்லட்டும். படத்தை எடுத்துவிடுங்கள் என்று அன்றே குழுவில் சொன்னேன், எடுத்துவிட்டார்கள், அந்த விஷயம் அதோடு முடிந்தது. ஆனால் 'கோகிலா' என்ற பெயர் மட்டும் மனதை விட்டுப் போகவில்லை. ஒரு சினிமாவைப் பார்த்து நாம் சிரித்த சிரிப்பு, முகம் மூடி நிற்கிற ஒரு நிஜப் பெண்ணைப் பார்க்கும்போதும் அப்படியே வந்துவிடுகிறதே, இது எப்படி நடக்கிறது என்று யோசித்தேன். அதைத்தான் எழுதுகிறேன்.

'கோலமாவு கோகிலா' 2018 ஆகஸ்டில் வந்தது. நெல்சனின் முதல் படம். தியேட்டரில் நான் பார்க்கவில்லை. டிவியில் போடும்போதெல்லாம் பார்த்திருக்கிறேன். யோகி பாபு வருகிற இடங்களில் விழுந்து விழுந்து சிரித்தவள்தான் நானும், அதனால் குறை சொல்ல வந்த கிழவி என்று நினைத்துவிடாதீர்கள். அம்மாவுக்குப் புற்றுநோய், வைத்தியத்துக்குப் பணம் இல்லை, அப்பா ஏ.டி.எம். வாசலில் காவல் வேலை. மூத்த பெண் கோகிலா போதைப்பொருள் கும்பலின் சரக்கைக் கொண்டுபோய்க் கொடுக்கிறாள். அவள் முகத்தைப் பார்த்தால் யாருக்கும் சந்தேகம் வராது, கும்பலுக்கு அதுதான் முதலீடு. பிறகு அம்மா, அப்பா, தங்கை என்று குடும்பமே அதில் இறங்கிவிடுகிறது. நோயாளி அம்மாவாக வரும் சரண்யா பொன்வண்ணன், ரேஷன் கடைக்குப் போகிற முகபாவத்தோடு கடத்தலுக்குப் போவார். அதுதான் படத்தின் நகைச்சுவை.

இது ஒரு படத்தோடு நிற்கவில்லை. இந்தியில் இதையே 'குட் லக் ஜெர்ரி' என்று எடுத்தார்கள். பெங்களூரில் மகள் வீட்டில் இருந்தபோது 'குட் கேர்ள்ஸ்' என்ற அமெரிக்கத் தொடரைப் போட்டுக் காட்டினாள். 2018 முதல் 2021 வரை அங்கே டிவியில் வந்தது. டெட்ராய்ட் பக்கம் மூன்று அம்மாக்கள். ஒருத்திக்குப் புருஷன் துரோகமும் வீட்டுக் கடனும், ஒருத்தியின் மகளுக்குச் சிறுநீரக நோய், ஒருத்திக்குப் பிள்ளை யாரிடம் வளர்வது என்ற வழக்கு. மூன்று பேரும் பொம்மைத் துப்பாக்கியோடு ஒரு சூப்பர் மார்க்கெட்டைக் கொள்ளையடிக்கப் போக, அது ஒரு கும்பல் கள்ளப்பணத்தைப் புழங்கவிடும் இடமாக இருந்துவிடுகிறது. அங்கிருந்து கள்ள நோட்டு, மிரட்டல், கொலை என்று போகிறது. ஹாட்ஸ்டாரில் 2020-இல் வந்த 'ஆர்யா'வில் சுஷ்மிதா சென். புருஷனைச் சுட்டுவிடுகிறார்கள், மூன்று பிள்ளைகளைக் காப்பாற்ற அந்த அம்மா அபின் வியாபாரத்துக்குள்ளேயே போகிறாள். 2023-இல் டிம்பிள் கபாடியா நடித்த ஒரு தொடர் வந்தது, 'சாஸ் பகூ அவுர் ஃபிளமிங்கோ'. அதில் மாமியாரும் மருமகள்களும் கைவினைப் பொருள் கூட்டுறவுச் சங்கம் என்ற போர்வையில் போதைப்பொருள் விற்கிறார்கள்.

இந்தக் கடைசிக் கதை எனக்குப் பிடிக்கவே இல்லை என்பதை இடையில் சொல்லிவிடுகிறேன். 1989-இல் தருமபுரி மாவட்டத்தில் மகளிர் குழுக்கள் தொடங்கின. பிறகு நம் பக்கமும் வந்தன. அறிவொளி இயக்கக் காலத்தில் அரிக்கேன் விளக்கை வைத்துக்கொண்டு கையெழுத்துப் போடக் கற்றுக்கொண்ட பெண்கள், குழுவின் பெயரில் முதல் தடவையாக பேங்க் படியேறியதைப் பார்த்தவள் நான். பெண்கள் நாலு பேர் கூடிச் சங்கம் வைத்தால் உள்ளே என்னவோ இருக்கிறது என்று அப்போதே பேசின ஆண்கள் இருந்தார்கள். அவர்களுக்கு இந்தத் தொடர் ரொம்பப் பிடித்திருக்கும்.

சரி, இந்தக் கதைகள் ஏன் பிடிக்கின்றன? எனக்கும் பிடித்தது, அதனால் யோசித்தே சொல்கிறேன். வீட்டுப் பெண்ணின் வேலை வேலையாகவே யாருக்கும் தெரிவதில்லை. எண்ணுவாள், மிச்சம் பிடிப்பாள், கடுகு டப்பாவில் ஒளித்து வைப்பாள், கேட்டால் 'இல்லை' என்று கண் சிமிட்டாமல் சொல்வாள், ஒரே நேரத்தில் நாலு அடுப்பைப் பார்ப்பாள். இந்தக் கதைகளில் அதே சாமர்த்தியத்தைக் கண்டு கடத்தல்காரனே அசந்துபோகிறான். கோலமாவுப் பொட்டலத்துக்குள் சரக்கு! அந்த யோசனை ஆம்பளைக்கு வராது என்று என் நாத்தனார் சொன்னார். அதைச் சொல்லும்போது அவர் முகத்தில் ஒரு பெருமை இருந்தது. நாற்பது வருஷம் அடுப்படியில் இருந்தவர் அவர். அந்தப் பெருமையை நான் குறைத்துப் பேசமாட்டேன்.

எனக்கு இந்தக் கதைகளோடு இரண்டு வழக்கு உண்டு. ஒன்று சின்னது, ஒன்று பெரியது.

சின்ன வழக்கு, காரணம் பற்றியது. சினிமாவில் ஒரு அம்மா தப்பு செய்ய வேண்டுமானால் பெரிய நோய் வேண்டும், லட்சக்கணக்கில் செலவு வேண்டும், ஆஸ்பத்திரி வராண்டாவில் அழுதுவிட்டு ஒரு ராத்திரியில் முடிவு எடுக்க வேண்டும். அப்போதுதான் பார்க்கிறவர்கள் மன்னிப்பார்கள். மலையடிவாரத்து ஊர்ப் பள்ளிகளில் வேலை பார்த்தபோது நான் கண்டது அப்படி இல்லை. நோய்க்காவது இன்று காப்பீட்டு அட்டை இருக்கிறது, குடும்பத்துக்கு வருஷத்துக்கு 5 லட்சம் வரை. அலைச்சல் உண்டு, ஆனாலும் ஒரு வழி உண்டு. அட்டையில் வராதது வாரக் கடன். செவ்வாய்க்கிழமை தவணை. பைனான்ஸ்காரர் வந்து திண்ணையில் உட்கார்ந்துகொள்வார். பணம் வருகிறவரை எழுந்திருக்கமாட்டார். குழுவில் மற்ற பெண்களும், இவள் கட்டாவிட்டால் நம் தலையில் விழும் என்று வாசலில் நிற்பார்கள். இந்த மிரட்டலைத் தடுக்கத்தான் 2025-இல் தமிழக அரசு தனியாகச் சட்டமே கொண்டுவர வேண்டியிருந்தது. அப்படி ஒரு செவ்வாய்க்கிழமை பக்கத்து வீட்டுக்காரி சொல்வாள்: "இந்தா, பத்து பாக்கெட்டு உன் ஊட்ல வெச்சுக்கோ. கேக்குறவனுக்கு எடுத்துக் குடு. அவ்ளோதான் வேலை."

அவ்வளவுதான் தொடக்கம். முடிவெடுத்த ராத்திரி என்று ஒன்று கிடையாது. இன்று சாராயப் பாக்கெட்டுக்குப் பதில் டாஸ்மாக் பாட்டிலாக இருக்கலாம். கடை மதியம் 12 மணிக்குத்தான் திறக்கும், அதற்கு முன்னால் கை நடுங்குகிறவனுக்கு எடுத்துக் கொடுக்க ஒரு வீடு வேண்டும், அந்த வீட்டில் பகலில் இருப்பவள் அம்மா. அல்லது ஒரு பை. 'காட்பாடி வரைக்கும் கொண்டுபோய்க் குடு அக்கா, ஐநூறு தரேன்.' உள்ளே என்ன என்று அவளும் கேட்பதில்லை, கொடுக்கிறவனும் சொல்வதில்லை.

ஏன் அம்மாக்களைத் தேடுகிறார்கள் என்றால், சினிமாவில் சொன்ன காரணம் பாதி உண்மை. முகத்தைப் பார்த்தால் சந்தேகம் வராது. இன்னொரு பாதி, பெண்ணைப் பெண்தான் சோதனை போட வேண்டும் என்பது சட்டம். எல்லா இடத்திலும் எல்லா நேரமும் பெண் போலீஸ் இருப்பதில்லை. கும்பல்காரனுக்கு இது நன்றாகத் தெரியும். அவளுக்குத் தெரியாதது எடைக் கணக்கு. 1985-ஆம் வருஷத்துப் போதைப்பொருள் சட்டத்தில் கஞ்சா 1 கிலோ வரை சின்ன அளவு. 20 கிலோவைத் தாண்டினால் வணிக அளவு. அதற்குக் குறைந்தது 10 வருஷம், அதிகம் 20 வருஷம், ஒரு லட்சத்துக்குக் குறையாத அபராதம். சாதாரண வழக்குகளில் பெண் என்பதற்காக ஜாமீனில் நீதிமன்றம் இரக்கம் காட்ட இடம் உண்டு. வணிக அளவு என்று எழுதிவிட்டால் அந்த வாசல் ஏறக்குறைய அடைத்துவிடுகிறது. ஐநூறு ரூபாய்க்குப் பை தூக்கினவளுக்கும், பையை அனுப்பினவனுக்கும் ஒரே பிரிவு. அனுப்பினவன் பெரும்பாலும் கிடைப்பதில்லை, அதனால் அவள் மட்டும்தான். கோகிலா கடைசியில் எல்லாக் கும்பலையும் ஏமாற்றிவிட்டுக் குடும்பத்தோடு தப்பிக்கிறாள். பார்க்க சந்தோஷமாக இருக்கிறது. காட்பாடி ஸ்டேஷனில் அப்படி நடந்ததாக நான் கேள்விப்பட்டதில்லை.

இப்போது பெரிய வழக்குக்கு வருகிறேன். இதற்காகத்தான் எழுதவே உட்கார்ந்தேன்.

இந்தக் கதைகளில் அம்மா எல்லாவற்றையும் பிள்ளைகளுக்காகச் செய்கிறாள். பிள்ளைகள் எங்கே இருக்கிறார்கள்? பக்கத்து அறையில் தூங்குகிறார்கள், ஸ்கூலுக்குப் போயிருக்கிறார்கள், காரில் பின் சீட்டில் பாட்டுக் கேட்கிறார்கள். அம்மா கதவைச் சாத்திக்கொண்டு பணம் எண்ணுவாள், குழந்தை கூப்பிட்டதும் முகத்தைத் துடைத்துக்கொண்டு சிரித்தபடி வருவாள். தெரியாமல் வைத்திருக்கிறாள் என்பதுதான் அவளுடைய தாய்மைக்கு அடையாளம். 'குட் கேர்ள்ஸ்' மாதிரித் தொடர்களில் பின்னால் ஏதோ ஒரு கட்டத்தில் பிள்ளைகளுக்கு விஷயம் எட்டுகிறது. ஆனால் கதை அங்கே நிற்பதில்லை, தொட்டுவிட்டுப் பணத்தைத் துரத்திக்கொண்டு போய்விடுகிறது.

முப்பது வருஷத்துக்கு மேல் ஒன்று முதல் ஐந்து வரை வகுப்பெடுத்தவள் சொல்கிறேன், பிள்ளைக்குத்தான் முதலில் தெரியும். புருஷனுக்குத் தெரிவதற்கு முன்னால், மாமியாருக்குத் தெரிவதற்கு முன்னால், போலீசுக்குத் தெரிவதற்கு ரொம்ப முன்னால்.

மூன்றாம் வகுப்பில் அளவைகள் பாடம். ஒரு லிட்டர் தண்ணீரில் நூறு மில்லி டம்ளர் எத்தனை நிரப்பலாம் என்று கேட்டேன். எல்லாரும் விரலை மடக்கிக்கொண்டிருக்கும்போது பின் வரிசையில் ஒரு பெண் குழந்தை எழுந்தது. "பத்து பாக்கெட்டு டீச்சர். சிந்தாம ஊத்துனா பத்து. அவசரத்துல ஊத்துனா ஒம்போதுதான் வரும்." எட்டு வயசு. டம்ளர் என்று கேட்டேன், பாக்கெட் என்று சொன்னது. பிள்ளைகள் யாரும் சிரிக்கவில்லை. பெரியவர்கள் என்றால் சிரித்திருப்பார்கள். பலகையில் 'பத்து' என்று எழுதி, சரி உட்கார் என்றேன்.

அந்த அம்மாவை ஒருநாள் தெருவில் பார்த்தேன். நான் ஒன்றும் கேட்கவில்லை, அவளாகவே சொன்னாள்: "அது ஒண்ணும் தெரியாத பொண்ணு டீச்சர். அது தூங்கின பெறவுதான் நான் எடுப்பேன்." அந்தக் குழந்தைக்குப் பாக்கெட் எண்ணிக்கை தெரியும், சிந்துகிற கணக்கு தெரியும், தூங்குவதுபோலக் கிடக்கவும் தெரியும். அம்மாவுக்குத் தெரியாமல் இருந்தது ஒன்றுதான், மகளுக்குத் தெரியும் என்பது. இப்போது அந்தப் பெண் எங்கே, என்ன செய்கிறாள் என்று எழுதமாட்டேன். இதைப் படித்தாலும் படிப்பாள்.

இன்னொரு பையன். எப்போதும் ஜன்னலோரம்தான் உட்காருவான். பால் வண்டிக்கும் ஜீப்புக்கும் சத்தத்திலேயே வித்தியாசம் தெரியும் அவனுக்கு. ஜீப் அடிவாரத்தில் திரும்புகிற சத்தம் எனக்குக் கேட்பதற்குள் ஒரு விரலைக் காட்டிக்கொண்டு எழுந்திருப்பான், 'ஒண்ணுக்கு டீச்சர்'. ஓடுவது வீட்டுக்கு. திரும்பி வரும்போது மூச்சு வாங்கும், சட்டை நனைந்திருக்கும். ஆசிரியர் பயிற்சியில் குழந்தை உளவியல் என்று ஒரு பாடம் உண்டு. கவனக் குறைவுள்ள மாணவன் என்று அதில் ஒரு தலைப்பு. அந்தப் பையனுக்குக் கவனம் குறைவே இல்லை. வகுப்பிலேயே அதிகக் கவனம் அவனுக்குத்தான், அது பாடத்தின் மேல் இல்லை.

நம் தமிழ்ப் படம் ஒன்று இந்த உண்மையைத் தொட்டிருக்கிறது. 'பாபநாசம்', 2015. மலையாளத்து 'த்ரிஷ்யம்' படத்தை ஜீத்து ஜோசப்பே தமிழில் எடுத்தார். எல்லாரும் கமல்ஹாசனின் சாமர்த்தியத்தைப் பேசினார்கள். நான் அந்தச் சின்னப் பெண்ணைப் பார்த்துக்கொண்டிருந்தேன். அம்மாவும் அக்காவும் சிக்கிய விபரீதத்தை மறைக்க, குடும்பம் முழுவதும் ஒரே பொய்யைச் சொல்லப் பழகுகிறது. அப்பா வாத்தியார் மாதிரி சொல்லிக்கொடுக்கிறார். ஆனால் சின்னவள் ராத்திரியில் கண்ணால் பார்த்தவள். அடி விழும்போது அவள்தான் உடைகிறாள், அவள் வாயிலிருந்துதான் வருகிறது. எதிரில் நிற்கும் போலீஸ் அதிகாரியும் ஒரு அம்மாதான், காணாமல் போன மகனுக்காக இன்னொருத்தியின் குழந்தையை அடிக்கச் சொல்லிப் பார்த்துக்கொண்டு நிற்கிறாள். தியேட்டரில் அப்பா ஜெயித்ததும் கைதட்டினார்கள். ரகசியத்தைச் சுமந்துகொண்டு திங்கட்கிழமை அந்தப் பெண் எப்படி ஸ்கூலுக்குப் போவாள், எந்த ஜன்னலோரம் உட்காருவாள் என்று எனக்கு ஓடிக்கொண்டே இருந்தது.

'அதற்கு ஒன்றும் தெரியாது' என்று அம்மா நம்புவதில் கள்ளம் இல்லை. நம்பாவிட்டால் அவளால் அந்தப் பாக்கெட்டைத் தொட முடியாது. ஆனால் நாமும் அதை நம்பினால் நமக்கும் சௌகரியம். குழந்தை பக்கத்து அறையில் தூங்குகிறது என்று வைத்துக்கொண்டால், அம்மாவின் கதையைப் பார்த்துச் சிரிக்கலாம், திகில் படலாம், மீம் போடலாம். அந்தப் பதினேழு பேரும் கெட்டவர்கள் இல்லை, எனக்குத் தெரியும். அந்தப் பெண்ணின் பிள்ளை கையிலும் ஒரு போன் இருக்கும், அதன் வகுப்புத் தோழர்கள் வீட்டிலும் அதே படம் வந்திருக்கும் என்று ஒருவருக்கும் தோன்றவில்லை, அவ்வளவுதான்.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும், சிலருக்குக் கோபம் வரும். அப்பா தப்பு செய்தால் நாம் வேறு மாதிரி பேசுகிறோம். 2015 ஏப்ரல் 7-ஆம் தேதி சேஷாசலம் காட்டில் செம்மரம் வெட்டப் போனதாக 20 பேரை ஆந்திரப் போலீசார் சுட்டுக் கொன்றார்கள். திருவண்ணாமலை, தருமபுரி மாவட்டங்களில் எத்தனையோ வீடுகளில் இழவு, நம் ஜவ்வாது மலைக்காரர்களும் அதில் உண்டு. அன்றைக்கு நம் ஊரில் டீக்கடையில் என்ன பேசினார்கள்? வயிற்றுப் பிழைப்புக்குப் போனவன், புரோக்கர் ஏமாற்றிக் கூட்டிப்போனான், கூலிக்காரனைச் சுட்டுவிட்டார்களே என்றுதான். சரியான பேச்சு, நானும் அதையே பேசினேன். இறந்தவர்களில் ஒருவருடைய மனைவி சென்னை உயர் நீதிமன்றம் வரை போய் நின்றார், அதையும் மதிப்போடு பேசினோம். மரம் வெட்டப் போனவனிடம் வறுமையைப் பார்க்கத் தெரிந்த நமக்கு, பை தூக்கினவளிடம் மட்டும் ஏன் "பெத்தவளா அவ?" என்று கேட்கத் தோன்றுகிறது? அவளையும் ஒரு புரோக்கர்தான் கூட்டிப்போனான். இந்தத் தொடர்கள் எல்லாம் நம்முடைய இந்த வேற்றுமையை வைத்துத்தான் பிழைக்கின்றன. ஆண் கடத்தினால் சாதாரணக் கதை, அம்மா கடத்தினால் ஆச்சரியம், டிக்கெட் விற்கும்.

தப்பை நியாயப்படுத்துகிறேன் என்று மட்டும் யாரும் எழுதவேண்டாம். 2024 ஜூன் மாதம் கள்ளக்குறிச்சியில் மெத்தனால் கலந்த சாராயத்தைக் குடித்து 60-க்கும் மேற்பட்டோர் செத்தார்கள். இறந்தவர்களில் பெண்களும் உண்டு, கைதானவர்களிலும் பெண் உண்டு. பாக்கெட் விற்பது பாவமில்லாத வேலை என்று அதைப் பார்த்த பிறகு யாரும் சொல்ல முடியாது. பெற்றோரை இழந்த பிள்ளைகளுக்கு அரசு உதவி அறிவித்தது, நல்ல காரியம். அந்த நாட்களில் செய்தி பார்க்கும்போது எனக்கு இன்னொரு நினைப்பும் வந்தது. விற்ற வீட்டிலும் பிள்ளைகள் இருப்பார்களே, ஜூன் மாதம் பள்ளி திறந்த சமயம் ஆயிற்றே, அவர்கள் எந்த முகத்தோடு வகுப்புக்குள் நுழைவார்கள்? இதைக் கேட்டால் செத்தவர்களுக்குத் துரோகம் செய்ததுபோல ஆகிவிடுகிறது. ஆனாலும் கேட்க வேண்டியிருக்கிறது. எட்டு வயசுக் குழந்தை யாருக்கும் எதையும் ஊற்றிக்கொடுக்கவில்லை.

வேலூரில் தொரப்பாடியில் பெண்கள் தனிச்சிறை இருக்கிறது. அந்தப் பக்கம் பஸ்ஸில் போனவர்கள்தான் நம்மில் பலரும். சிறையிலிருக்கும் தாயோடு குழந்தை ஆறு வயது வரை இருக்கலாம், இது உச்ச நீதிமன்றம் 2006-இல் சொன்னது. அதன் பிறகு சொந்தக்காரர் வீடு, இல்லையென்றால் காப்பகம். அந்த ஆறு வயதைக் கவனியுங்கள். ஒன்றாம் வகுப்பு வயது. அம்மாவைப் பிரிகிற வருஷமும் பள்ளிக்கூடத்தில் உட்காருகிற வருஷமும் ஒன்றாக வருகிறது. புது டீச்சர், புது வீடு, பக்கத்தில் படுக்கிறது பாட்டி. ஆறு வயதைத் தாண்டிய பிள்ளைக்கு அதுவும் இல்லை. அம்மாவைப் பிடித்துப்போன மறுநாளே அது நேராகத் தெருவில் நிற்கிறது. இன்றைக்கும் ஆசிரியர்களாக இருக்கிற என் மாணவிகள் ஆறேழு பேர் இதைப் படிப்பீர்கள். அப்படிப்பட்ட பிள்ளை வந்தால் வருகைப் பதிவேட்டில் பெயர் கூப்பிடும்போது மற்ற பெயர்களைக் கூப்பிடும் அதே குரலில் கூப்பிடுங்கள். தனி இரக்கம் காட்டினால் அதுவும் வகுப்புக்குத் தெரிந்துவிடும். அம்மா எங்கே என்று கேட்காதீர்கள். மதியம் சத்துணவில் முட்டை வைக்கிற நாளில் இன்னொன்று வேண்டுமா என்று கேட்டால் போதும்.

தெரிந்துகொள்ள வேண்டிய சில விஷயங்கள், யாருக்காவது உதவும். எந்தப் பெண்ணுக்கும், அவள் வருமானம் எவ்வளவாக இருந்தாலும், இலவசமாக வக்கீல் வைத்துத் தரவேண்டும் என்பது 1987-ஆம் ஆண்டுச் சட்டப் பணிகள் சட்டம். மாவட்ட நீதிமன்ற வளாகத்திலேயே அதற்கு அலுவலகம் உண்டு, போனில் 15100. 'வக்கீலுக்குக் குடுக்கப் பணமில்ல' என்று நகையை வைத்து, மறுபடி வாரக் கடன் வாங்கி, அதைக் கட்ட மூத்த பெண்ணின் படிப்பை நிறுத்திய வீட்டை நான் பார்த்திருக்கிறேன். பொழுது சாய்ந்த பிறகும் விடிவதற்கு முன்பும் பெண்ணைக் கைது செய்யக்கூடாது, மிக அவசியமென்றால் பெண் அதிகாரி, நீதித்துறை நடுவரின் முன் அனுமதியோடுதான் செய்யவேண்டும். அம்மா அப்பா இரண்டு பேரும் இல்லாமல் குழந்தை தனியாக நின்றால் 1098. இந்த இரண்டு எண்ணையும் போனில் பதிந்து வைத்துக்கொள்ளுங்கள், காலையில் பூப்படத்தோடு வணக்கம் அனுப்புகிற நேரத்தில் இதையும் நாலு பேருக்கு அனுப்புங்கள்.

கடைசியாக ஒருவனுக்கு. பெயர் சொல்லமாட்டேன், அவனுக்கே தெரியும். இரண்டாம் வகுப்பில் கதை சொல்லச் சொன்னால் மணி அடிக்கிறவரை நிறுத்தாதவன், இப்போது சென்னையில் சீரியலுக்கு வசனம் எழுதுகிறான். போன தீபாவளிக்கு வந்தபோது, 'டீச்சர், அம்மா கேரக்டரை வெச்சு ஒரு கிரைம் சீரிஸ் யோசிக்கிறேன், செம ட்விஸ்ட் இருக்கு' என்றான். எழுதுப்பா, நன்றாக எழுது, நானும் பார்ப்பேன். துப்பாக்கியும் வை, துரத்தலும் வை, உன் முதலாளி கேட்பார். ஆனால் எனக்காக ஒரு எபிசோடு அந்த அம்மா இல்லாமல் எழுது. வாய்தா நாள். விடியற்காலை ஒடுகத்தூர் பஸ் ஸ்டாண்டில் ஒரு பாட்டியும் பேத்தியும் வேலூர் பஸ்ஸுக்கு நிற்கிறார்கள். பேத்தி யூனிஃபார்மில் இருக்கிறாள், ஏனென்றால் ஸ்கூலுக்குப் போவதாகத்தான் தெருவில் சொல்லியிருக்கிறார்கள். சத்துவாச்சாரி கோர்ட்டில் மதியம் வரை உட்கார்ந்திருப்பார்கள். போலீஸ் வேனிலிருந்து அம்மா இறங்கி உள்ளே போகிற தூரம் அவ்வளவுதான், அதற்குள் அவள் என்ன சொல்லப்போகிறாள் என்று பஸ்ஸிலேயே மனப்பாடம் செய்துகொண்டு வருகிறாள். அது என்ன வாக்கியம் என்று நீ யோசித்து எழுது. எழுதிவிட்டு எனக்குப் போன் பண்ணு, எட்டு மணிக்கு மேல் பண்ணாதே, தூங்கிவிடுவேன்.